ஆள் இருக்கிற மோட்டார்

மனைவி பிரமுவை ஆவுடையப்பன் கடைசியாக உயிரோடு பார்த்தபோது அவள் வாய் அசைந்துகொண்டிருந்தது. கொல்லையில், மோட்டார் கொட்டகைக்கு எதிரே, துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் நின்றாள். வெயில் முகத்தில் அடித்ததால் கண்ணைச் சுருக்கியிருந்தாள். வலது கை எண்ணெய்ப் பிசுக்கில் மினுங்கியது. அவள் பேச ஆரம்பித்ததும் அவர் மோட்டார் சுவிட்சைப் போட்டார். தண்ணீருக்காகப் போடவில்லை, தொட்டி விடியற்காலையிலேயே நிறைந்திருந்தது. அவள் சொல்வது காதில் விழக் கூடாது என்றுதான் போட்டார். மோட்டார் கர்ரென்று கிளம்பி, நடுவில் டக்கென்று ஒரு தட்டுத் தட்டி, மறுபடி கர்ரென்று பிடித்துக்கொண்டது. பேரிங்கில் எப்போதோ விழுந்த கோளாறு. கர்ர், டக், கர்ர். அந்தச் சத்தத்துக்குள் அவள் உதடு இரண்டு முறை ஒட்டிப் பிரிந்தது. நீளமாக ஏதோ ஒன்று சொன்னாள், பிறகு சின்னதாக ஒன்று. ஒரு சொல்லும் கேட்கவில்லை. ஒரு கணம் அவரையே பார்த்தாள். திரும்பி வீட்டுக்குள் போனாள். அவர் மோட்டாரை முறைத்துக்கொண்டு நின்றார். முன்வாசல் இரும்புக் கேட்டைத் திறந்துகொண்டு அவள் தெருவில் இறங்கியது அவருக்குத் தெரியாது. கேட் சத்தம் போடவில்லை. அரை மணிக்கு முன்னால்தான் அவள் அதற்குத் தேங்காய் எண்ணெய் விட்டிருந்தாள். பஸ் ஸ்டாப்பில் ஒரு அம்மா விழுந்து கிடக்கிறார்கள், உங்கள் வீட்டு ஆள் மாதிரி இருக்கிறது என்று யாரோ வந்து சொன்னபோதுகூட அவர், இல்லை, அவள் உள்ளே இருக்கிறாள் என்றுதான் சொன்னார். மூன்று வருஷம் ஆகிவிட்டது.

இப்போது மணி இரண்டு பத்து. கரண்ட் இல்லை. பராமரிப்பு வேலை, நான்கு மணிக்குத்தான் வரும் என்று நேற்றே சொல்லிவிட்டார்கள். மோட்டார் மெக்கானிக் பால்துரையும் நான்கு மணிக்குத்தான் வருகிறான். நேற்று மோட்டார் கிளம்பவே இல்லை. ஒரு குச்சியை விட்டு விசிறியைத் தள்ளியபிறகு கிளம்பியது, கருகிய வாசனை வந்தது. போனில் கேட்டுவிட்டு பால்துரை, இனிமே போடாதீங்க அண்ணாச்சி, காயில் கம்பி எரிஞ்சிட்டா மோட்டாரையே தூக்கிப் போட வேண்டியதுதான், பேரிங்க மாத்திருவோம் என்றான். பேரிங்கை மாற்றினால் சத்தம் மாறும். மாற்றாமல் ஓட்டினால் எரிந்து நிற்கும். எப்படிப் பார்த்தாலும் இன்று சாயங்காலத்துக்குள் அந்தச் சத்தம் உலகத்தில் இருக்காது. கரண்ட் ஐந்து நிமிஷம் முன்னால் வந்து, பால்துரை ஐந்து நிமிஷம் பின்னால் வந்தால், ஒரு தடவை, ஒரே ஒரு தடவை போட்டுப் பார்த்துவிடலாம். ஆவுடையப்பன் எழுந்து சுவிட்சுப் பலகையைப் பார்த்தார். சிவப்பு விளக்கு எரியவில்லை. வந்து உட்கார்ந்தார். இரண்டு பன்னிரண்டு.

தாழைமுகத்தில் பிறந்தவர்களுக்கு இதை விளக்கவேண்டியதில்லை, வெளியூர்க்காரர்களுக்குத்தான் நம்பிக்கை வராது. ஒருவரைக் கடைசியாக உயிரோடு பார்க்கும்போது நம் காதில் என்ன சத்தம் விழுகிறதோ, அவர் அதில் தங்கிவிடுவார். அதே சத்தம் மறுபடி கேட்டால் வருவார், நமக்கு மட்டும், கண்ணெதிரே, கட்டிய துணியோடு, சத்தம் இருக்கும்வரை. சத்தம் இல்லையென்றால் ஆள் இல்லை. பெயர் தெரியும், கல்யாணத் தேதி தெரியும், என்ன குழம்பு பிடிக்கும் என்று தெரியும். முகம் மட்டும் வராது. போட்டோவைப் பார்த்தால் யாரோ ஒரு பெண் நல்ல சேலை கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். அதனால்தான் இந்த ஊரில் சீக்காளிகளை மணி ஓசை கேட்கிற தெருவுக்கு மாற்றுவார்கள். கோயில் மணியைச் சுற்றி நாலு தெருவிலும் வீட்டு வாடகை அதிகம். தட்டான் தெரு மூக்கையாவுக்குத் தம்பி ஏழாம் நம்பர் பஸ்ஸின் ஹாரனில் இருந்தான், பஸ்ஸை வேறு டிப்போவுக்கு மாற்றியபோது மூக்கையாவும் வீட்டைக் காலி செய்துகொண்டு பின்னாலேயே போய்விட்டார். தச்சனோ கொல்லனோ மெக்கானிக்கோ, ஒரு திருகாணியைத் தொடுவதற்கு முன்னால், "இதுல ஆள் இருக்கா?" என்று கேட்டுவிட்டுத்தான் கையை வைப்பான். இருக்கிறது என்றால் கும்பிட்டுவிட்டுப் போய்விடுவான். பால்துரையும் கேட்பான். என்ன சொல்வது? மூன்று வருஷமாக அந்த மோட்டாரில் யாரும் இல்லை என்றல்லவா ஊர் நினைத்துக்கொண்டிருக்கிறது.

சுவர்க் கடிகாரம் டிக், டிக் என்று ஓடிக்கொண்டிருந்தது. அதைப் பார்க்கவே அவருக்குக் கூச்சமாக இருந்தது. பதினாறாம் நாள், செத்தவர் எதில் தங்கினார் என்று ஓசை பார்க்கிறபோது சொன்ன பொய் அது. வீட்டு ஆட்கள் எல்லாரும் கூடத்தில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்க, மைத்துனர் ஒவ்வொன்றாகச் சத்தம் எழுப்பிக்கொண்டு வந்தார். கதவுக் கொண்டியைத் தட்டினார், வாளியை உருட்டினார், மிக்ஸியை ஓடவிட்டார். எல்லார் கண்ணும் ஆவுடையப்பன் முகத்தில். கொல்லைப்பக்கம் போய் மைத்துனர் மோட்டார் சுவிட்சில் கை வைக்கப்போனபோது அவர் எழுந்துவிட்டார். எல்லார் முன்னாலும் அவள் வந்து நின்று வாயசைப்பாள், அவர் முகம் காட்டிக்கொடுத்துவிடும், என்ன சொல்கிறாள் என்று கேட்பார்கள், கேட்கவில்லை என்றால் ஏன் கேட்கவில்லை என்பார்கள், செத்துப்போகிறவள் பேசும்போது எவனாவது மோட்டாரைப் போடுவானா என்பார்கள். "கடிகாரம்," என்று கத்திவிட்டார். "கடிகாரத்துலதான் இருக்கா." எல்லாரும் ஒருமிக்க அழுதார்கள். மகள் கோமு அன்றிலிருந்து போன் பண்ணும்போதெல்லாம், பேட்டரி மாத்தினீங்களாப்பா, நின்னுரப் போகுது என்கிறாள். தபாலில் பேட்டரி அனுப்புகிறாள். பீரோவில் இருபத்திரண்டு பேட்டரி கிடக்கிறது. கோமுவுக்கு அம்மா கண்டக்டர் விசிலில் இருக்கிறாள், இங்கே வந்துவிட்டுத் திரும்பியபோது அம்மா பஸ் ஏற்றிவிட வந்தாளே, அப்போது பார்த்ததுதான் கடைசி. இருபது விசிலில் ஒன்று பொருந்துமாம். "எனக்கு ரோட்டுக்குப் போனாலே அம்மா கிடைச்சிருவாப்பா," என்று சிரிப்பாள், சிரித்துவிட்டு மூக்கை உறிஞ்சுவாள். டிக், டிக். அதில் ஒருவரும் இல்லை. வெறும் நேரம் போகிறது.

இரண்டு நாற்பது. வியர்த்துக் கொட்டியது. விசிறி மட்டையை எடுத்து இரண்டு வீசு வீசி, அது வேறு ஒரு சத்தம் என்று கீழே வைத்தார். போறேன் என்றால் உதடு ஒரு தடவைதான் ஒட்டும். போதும் என்றால் இரண்டு தடவை, முதலிலும் கடைசியிலும். போதும்ப்பா போதும் என்றால் கணக்கு மிஞ்சிவிடும். கண்ணாடி முன்னால் நின்று எத்தனை தடவை சொல்லிப் பார்த்திருக்கிறார். உங்க அப்பாவோட நீங்களே குடும்பம் நடத்துங்க. இதை அவள் வேறு நாளில் சொல்லியிருக்கிறாள். அன்று சொன்னது இதுவாக இருந்தால் நீளம் சரியாக இருக்கும், ஆனால் கடைசியில் சின்னதாக ஒன்று வந்ததே, அது என்ன? பஸ் ஸ்டாப்பில் கிடந்த மஞ்சள் பையில் ஒரு மாற்றுச் சேலை இருந்தது. சீப்பு இருந்தது. தலைவலித் தைலம் இருந்தது. ஒரே ஒரு சேலை. ஒரேயடியாகப் போகிறவள் ஒரு சேலையா எடுப்பாள்? கோபத்தில் கிளம்புகிறவள் கைக்கு வந்ததைத்தான் எடுப்பாள். திரும்ப வருகிறவள் சேலையே எடுக்க மாட்டாளே. மூன்று வருஷமாக அந்தச் சேலையை ஒரு பக்கம் எண்ணி மறுபக்கம் எண்ணிப் பார்த்தாகிவிட்டது. ஒரு நாளைக்கு இரண்டு வேளை, சில நாள் மூன்று வேளை மோட்டாரைப் போட்டு, துவைக்கிற கல்லுக்கு எதிரே நின்று, அவள் வாயைப் பார்த்தார். தொட்டி நிறைந்து வழிந்து சந்துவரை ஓடும். பக்கத்து வீட்டு ஞானப்பூ மதில்மேல் தலையை நீட்டிச் சத்தம் போடுவாள். "அண்ணாச்சி, ஊரே குடத்தத் தூக்கிக்கிட்டு அலையுது, நீங்க சந்துல மீன் வளக்கப் போறீங்களா?" என்பாள். அவர் ஒரு கையை மட்டும் உயர்த்துவார், ஆகட்டும் என்பதுபோல. கண்ணை எடுக்க மாட்டார். அவளும் உடனே போய்விட மாட்டாள், திட்டிவிட்டு மதிலிலேயே தாடையை வைத்துக்கொண்டு நிற்பாள். நிறுத்தியபிறகுதான் போவாள். பொல்லாத பொம்பளை என்று நினைத்துக்கொள்வார்.

அந்தக் கேட். எல்லாம் அதனால்தான். அப்பா அதன் வழியாகக் குடையோடு வெளியே போனபோது ஆவுடையப்பனுக்கு இருபத்தாறு வயது. கீச்சென்று ஒரு நீண்ட சத்தம், அதற்குள் அப்பாவின் முதுகு, அக்குளில் குடை, பின்கழுத்தில் சவரம் செய்த தடம். சந்தையில் மாரடைப்பு. அன்றிலிருந்து கேட்டுக்கு ஒரு சொட்டு எண்ணெய் விட்டதில்லை. பால்காரர் வந்தால் அப்பா, தபால்காரர் வந்தால் அப்பா, ஆடு முட்டித் திறந்தால்கூட அப்பா. சோற்றில் கை வைத்திருப்பார், கீச் என்றதும் கை நிற்கும், கண் வாசலுக்குப் போகும். கல்யாணமான புதிதில் ஒரு மத்தியானம், பிரமு வெட்கப்பட்டுக்கொண்டு அவர் தோளில் சாய்ந்து முதல்முதலாக ஏதோ தன் கதையைச் சொல்ல ஆரம்பித்தாள், கீச் என்றது, அவர் திரும்பினார். அவள் அந்தக் கதையை அப்புறம் சொல்லவே இல்லை. என்ன கதை அது? இப்போது அதுவும் சேர்ந்துகொண்டு அரித்தது. அவள் இரண்டு தடவை சொல்லி இவர் இரண்டு தடவையும் கேட்காமல் விட்டிருக்கிறார், ஒரு தடவை கேட், ஒரு தடவை மோட்டார். முப்பத்தொரு வருஷம் அவள் அந்த வீட்டில் குடியிருந்தாள். அம்மா பீரோக் கதவில், அண்ணன் கயிற்றுக் கட்டிலில், அப்பா கேட்டில். எதையும் துடைக்கக் கூடாது, இறுக்கக் கூடாது, தூக்கிப் போடக் கூடாது. அவளுக்கு ஒற்றைத் தலைவலி. கேட் கத்தும்போதெல்லாம் நெற்றியை அழுத்திப் பிடித்துக்கொள்வாள். "உங்க அப்பா ஒரு நாளைக்குப் பத்து தடவ சாவுதாரு," என்றாள் ஒரு தடவை. "நான் எத்தன தடவதான் துஷ்டி கேக்கது?" அவர் சிரிக்கவில்லை. சிரித்திருக்கலாம். நல்ல பேச்சுத்தான் அது, இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது, ஆனால் எந்தக் குரலில் சொன்னாள் என்று வரவில்லை, சொற்கள் மட்டும் காய்ந்து கிடக்கின்றன.

பிரமு போன அன்று தபால்காரர் முற்றத்தில் வந்து நின்று, சார், என்றபோதுதான் தெரிந்தது. கேட் திறந்திருக்கிறது, அப்பா வரவில்லை. ஓடிப்போய் ஆட்டிப் பார்த்தார். வழுக்கிக்கொண்டு போய் வழுக்கிக்கொண்டு வந்தது. கீலிலிருந்து எண்ணெய் ஒழுகியது. நாற்பது வருஷம் தினமும் பார்த்த முதுகு, அதை நினைத்துப் பார்க்க முயன்றார், ஒரு குடை இருந்தது என்று தெரிந்தது, அவ்வளவுதான். பிரமு எண்ணெய்ப் பாட்டிலோடு நின்றாள். பயந்துதான் நின்றாள். "கொன்னுட்டியேட்டி," என்றார். இரண்டு தடவை சொன்னார். பிறகு கொல்லைக்கு வந்துவிட்டார். அவள் பின்னாலேயே வந்தாள், கையைக்கூடக் கழுவாமல் வந்தாள், பேச ஆரம்பித்தாள். அவர் சுவிட்சைப் போட்டார். அதன்பிறகு கேட் மழையில் நனைந்து துருப்பிடித்து, இரண்டு வருஷத்தில் மறுபடி கத்த ஆரம்பித்துவிட்டது. நன்றாகவே கத்துகிறது. அப்பா வருவதில்லை. வேறு கத்தல்.

மூன்று முப்பத்தேழுக்குச் சிவப்பு விளக்கு எரிந்தது. அவர் எழுந்த வேகத்தில் நாற்காலி சாய்ந்தது. கொட்டகைக்குள் குனிந்து குச்சியை விசிறிக்குள் விட்டார், மறுகையால் சுவிட்சைப் போட்டார். மோட்டார் முனகியது. தள்ளினார். முனகல். இன்னொரு தடவை தள்ளினார், குச்சி தெறித்துப் போனது, கர்ர், டக், கர்ர். அவள் வந்தாள். கல்லுக்குப் பக்கத்தில், கண்ணைச் சுருக்கிக்கொண்டு. வாய் திறந்தது. அவர் வழக்கம்போல வாயைப் பார்த்தார். ஒட்டிப் பிரிந்தது. நீளமாக ஒன்று. சின்னதாக ஒன்று. மறுபடி முதலிலிருந்து. இதையே எத்தனை நாள் பார்த்தாகிவிட்டது, கடைசித் தடவையிலும் வாயையே பார்ப்பதா என்று தோன்றியது, அந்தத் தோன்றலே நேரத்தைத் தின்றது, நேரம் போகிறதே என்ற பதற்றம் இன்னும் கொஞ்சத்தைத் தின்றது. காதோரம் நரைத்த முடி ஒன்று வெயிலில் தெரிந்தது. புடவைத் தலைப்பில் மஞ்சள் கறை. வலது கை, விரல்களை விரித்து உடம்பில் படாமல் தள்ளிப் பிடித்திருந்தாள், எண்ணெய் சேலையில் படக் கூடாது என்று. இதை அவர் பார்த்ததே இல்லை. அவ்வளவு சண்டையிலும் சேலையை நினைத்திருக்கிறாள். பின்னாலிருந்து ஞானப்பூவின் குரல் கேட்டது. தொட்டி வழிகிறது என்று சொல்லப்போகிறாள். "நிறுத்திராதீங்க அண்ணாச்சி," என்றாள். "கொஞ்சம் ஓடட்டும்." திரும்பிப் பார்க்க அவருக்கு நேரமில்லை. டக். டக். கர்ர் வரவில்லை. கருகிய வாசனை, ஒரு நூல் புகை. கல்லுக்குப் பக்கத்தில் வெயில் மட்டும் இருந்தது. அவர் சுவிட்சை அணைத்தார்.

ஞானப்பூ மதிலில் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள். அவருக்கு முதலில் புரியவில்லை. பிறகு புரிந்து, கோபம்போல ஒன்று வந்தது. "நீயுமா?" என்றார்.

"பின்ன? மயினியக் கடைசியா பாத்தது நான்தான. வாசல் பெருக்கிக்கிட்டு இருந்தேன். உங்க வீட்டு மோட்டார் கத்திக்கிட்டு கெடந்துது, மயினி கேட்டத் தொறந்து வந்தாவ. மூணு வருசமா உங்க புண்ணியத்துல டெய்லி ரெண்டு வேள பாத்தேன்."

"ஒரு நாளும் சொல்லலையே."

"சத்தத்துல வாரதச் சொன்னா தேஞ்சு போகும்பாவல்லா. நீங்க மட்டும் சொன்னியளா? கடியாரத்துலன்னு ஒரே போடு. மோட்டாரப் போட்டுட்டு கடியாரத்தையா பாத்துக்கிட்டு நிப்பாவ? எனக்கு அன்னைக்கே தெரியும்."

பால்துரை சைக்கிளைச் சாத்திவிட்டு, கருவிப் பையோடு கொல்லைக்கு வந்தான். மூக்கை உறிஞ்சிப் பார்த்தான். "போடாதீங்கன்னேன், போட்டுட்டியள்," என்றான். "நல்ல காலம், காயில் தப்பிச்சுது. பேரிங்தான் ஒட்டிப்போச்சு." உட்கார்ந்து, ஸ்பேனரை எடுத்து, நட்டில் பொருத்தாமல் கையில் வைத்துக்கொண்டு கேட்டான். "அண்ணாச்சி, இதுல ஆள் இருக்கா?"

ஆவுடையப்பன் ஞானப்பூவைப் பார்த்தார். அவள் கிணறு உப்புப் பூத்து இரண்டு வருஷமாகிறது. அவள் குடிக்கிற தண்ணீரும் இந்தத் தொட்டியிலிருந்துதான் குழாயில் போகிறது. இல்லை என்றால் பொய். இருக்கிறது என்றால் பால்துரை கும்பிட்டுவிட்டுப் போய்விடுவான், ஓடாத மோட்டாரை வைத்துக்கொண்டு என்ன செய்வது, சத்தமே போடாத ஒன்றுக்குள் ஆள் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன. "இருந்தா," என்றார். "இப்ப ஓடும்போதுகூட இருந்தா, இனி இல்ல. நீ கழட்டு." பால்துரை ஸ்பேனரைக் கீழே வைத்து இரண்டு கையையும் கூப்பிவிட்டு, மறுபடி எடுத்தான். முதல் நட்டு கீச்சிட்டுக்கொண்டு கழன்றது. அவன் பேரிங்கை மாற்றி மறுபடி மூடுகிறவரை அவரும் ஞானப்பூவும் நகரவில்லை.

"ஞானப்பூ," என்றார். "இனிமே தேய என்ன இருக்கு. உனக்கு என்ன வரும், சொல்லு. கோவிச்சுக்கிட்டா போனா?"

"கோவமாத்தான் இருந்தாவ. மூஞ்சி செவந்து கெடந்துது. எங்க போறிய மயினி, பையத் தூக்கிட்டியன்னேன். கோமு வீட்டுக்கு ஒரு ராத்திரி போயிட்டு வாரேன், அதுக்குள்ள உங்க அண்ணாச்சிக்கு ஆறிரும்னாவ. படி எறங்கும்போது தூணப் புடிச்சாவ. புடிச்சிட்டு, அய்யோன்னாவ. கை பூரா எண்ணெய், தூண்ல அப்பிட்டேன் பாருட்டி, வெள்ளச் சுவரு, நாளைக்கு வந்து சுண்ணாம்பு அடிச்சுக்கிடுதேன்னு சொல்லிட்டுப் போனாவ."

"அதுக்கு முன்ன, இங்ஙன கொல்லையில வச்சு என்ன சொன்னா?"

"அது எனக்கு எப்படி அண்ணாச்சி தெரியும்? நான் வாசல்ல நின்னேன்." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "ஆனா விட்டுட்டுப் போறவ சுண்ணாம்பப் பத்திப் பேசுவாளா? அதையாவது யோசிச்சுப் பாருங்க."

அவர் வீட்டுக்குள் புகுந்து கூடத்தைத் தாண்டி நடந்தார். கடிகாரம் டிக்கென்றது. ஒரு சேலை, ஒரு ராத்திரி, சரியாக இருக்கிறது. ஒரு சேலை, ஒரு ராத்திரி. இவ்வளவு லேசான கணக்கா? முற்றத்தில் இறங்கும்போது செருப்பைப் போட மறந்திருந்தார், சிமெண்டு சுட்டது. கேட் தூணை அவர் தினமும் தாண்டித்தான் போகிறார், வருகிறார். அங்கே ஏதோ அழுக்கு இருப்பது தெரியும், மாடு உரசியது என்று நினைத்திருந்தார், பால்காரர் கை என்று நினைத்திருந்தார், எதுவும் நினைக்காமலும் இருந்திருக்கிறார். இந்த ஊரில் யாரும் செத்தவர்களைக் கண்ணால் தேடுவதில்லை. கேட்டைத் தள்ளினார், துருக் கத்தல் கத்தியது, யாரும் வரவில்லை. கொல்லைப்பக்கம் மோட்டார் கிளம்பியது. டக் இல்லை. ஒரே சீராக, புது மோட்டார்போல ஓடியது. "அண்ணாச்சி, கேக்குதா? பூன மாதிரி ஓடுது," என்று பால்துரை உள்ளிருந்து கத்தினான். அவர் நின்று கேட்டார். வெயில் இருந்தது, தெரு இருந்தது, முகம் வரவில்லை. கண்ணைச் சுருக்கியிருந்தாள் என்று தெரிந்தது, எப்படிச் சுருக்கினாள் என்று தெரியவில்லை. அவர் குனிந்து தூணைப் பார்த்தார்.

கேட் தூணின் உள்பக்கம், மழை படாத இடத்தில், தரையிலிருந்து மூன்றரை அடி உயரத்தில், தூசி படிந்து கறுத்துப்போன எண்ணெய்க் கறை ஒன்று இருக்கிறது. அதில் ஐந்து விரல்.